நான்காவது பதிப்பு

பாதிரிமார்களைக் கிண்டலடித்து முந்நூறு வருஷத்துக்கு முன்னால் ஒருவன் எழுதிய புத்தகம் அது. அதற்காக ஹாலிஃபாக்ஸ் ஊர்ச் சந்தையில் வைத்து அவனுடைய வலது கையில் நான்கு விரல்களை வெட்டினார்கள். முதல் பக்கத்தில் அவன் படம் உண்டு, கட்டைவிரல் மட்டும் மிஞ்சிய கையோடு.

வின்னி வேலை பார்க்கும் பைண்டிங் பட்டறைக்கு அதன் புதுப்பதிப்பு மூன்று முறை வந்திருந்தது. ஒவ்வொரு முறையும் கட்டிங் மெஷினில் ஓர் ஆளுக்கு ஒரு விரல் போனது. ஒவ்வொரு முறையும் படத்தில் ஒரு விரல் கூடியிருந்தது. யாரும் திருத்தி வரையவில்லை.

நான்காவது பதிப்பு செவ்வாய்க்கிழமை காலையில் வந்தது. படத்தில் கை முழுசாக இருந்தது.

"நான் வெட்டமாட்டேன், ஹெட்லி," என்றாள் வின்னி.

மேஸ்திரி ஹெட்லி சிரித்தார். "ரெண்டு கையாலயும் ரெண்டு பொத்தானை அமுக்கினாத்தானே பிளேடே இறங்கும்? அப்புறம் கை எப்படிம்மா உள்ள போகும்?"

"அந்த மூணு பேரும் அப்படித்தான் அமுக்கினாங்க."

"சர்ச்சுல ஆர்கன் வாசிக்கிற கையாச்சே, பத்திரமா வச்சுக்க. தள்ளி நில்லு, பயந்தாங்கொள்ளி."

வின்னி இரண்டு கைகளையும் ஏப்ரன் பைக்குள் திணித்துக்கொண்டு, பத்தடி தள்ளிச் சுவரோரம் நின்றாள். ஹெட்லி அமுக்கினார். பிளேடு இறங்கி ஏறியது. தாள்கட்டின் ஓரமெல்லாம் ரத்தம்.

ஹெட்லி பதறிப்போய்த் தன் விரல்களை எண்ணினார். பத்தும் இருந்தன.

"எனக்கு ஒண்ணும் ஆகல வின்னி! இங்க பாரு, பத்து! இது யாரு ரத்தம்?"

வின்னியின் ஏப்ரன் பை வெதுவெதுப்பாக நனைந்துகொண்டிருந்தது. அவள் கைகளை வெளியே எடுக்கவே இல்லை.