இடது கன்னத்துத் துளி

நியாயம் அக்காவின் கன்னத்திலும் நக்கல் அண்ணனின் கன்னத்திலும் இருப்பது ஒரே கண்ணீர்த்துளி என்று யாரோ ஒரு புண்ணியவான் கண்டுபிடித்துவிட்டான்.

இரண்டு படங்களையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்து, சிவப்பு வட்டம் போட்டு, பெரிதாக்கிக் காட்டியிருந்தான். காலை எட்டு மணிக்குப் போட்டது. பதினொன்றுக்குள் பார்க்காத ஆள் பாக்கியில்லை.

இரண்டு படங்களையும் செய்தவள் தன் அறையில் லேப்டாப் முன்னால் உட்கார்ந்து நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

தம்ப்நெயில் செய்வது அவள் தொழில். வீடியோவைத் திறக்கும் முன் கண்ணில் படுமே, அந்த முகப்புப் படம். உள்ளே சரக்கு இருக்கிறதோ இல்லையோ, படத்தைப் பார்த்தவன் விரலை வைக்காமல் தாண்டிப் போகக்கூடாது. அந்த வித்தையில் அவளை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது. இதை அவளேதான் சொல்லிக்கொள்ள வேண்டும், பெயர் போடாத வேலை.

யார் யாருக்குச் செய்கிறோம் என்று வாயைத் திறக்கக்கூடாது என்பது அந்தத் தொழிலின் எழுதாத சட்டம். அதனால், மூன்று வாரமாக ஒருவரையொருவர் கிழித்துத் தொங்கவிட்டுக்கொண்டிருந்த அந்த இரண்டு பேருக்குமே தெரியாது, இருவரையும் அழவைக்கிற கை ஒன்றுதான் என்று.

அக்கா யூடியூபில் குடும்பச் சண்டைகளுக்குத் தீர்ப்பு சொல்பவர். அண்ணன் கண்ணில் படுகிறவர்களையெல்லாம் கிண்டல் செய்து பிழைப்பவர். அவர் ஒருநாள் அக்காவின் தீர்ப்பைக் கிண்டல் செய்தார். அக்கா, அந்த ஆளின் சிரிப்பே இரவல் என்றார். அப்புறம் ஆளுக்கொரு ‘மனசு உடைஞ்சு போச்சு’ வீடியோ. ரசிகர்கள் இரண்டு கட்சியாகி மண்டையை உடைத்துக்கொள்ளாத குறை.

அழுகைதான் வரவில்லை. அண்ணனுக்கு அழப்போனால் சிரிப்பு வந்தது. அக்காவுக்குக் கண்மை கலைந்துவிடுமோ என்று பயம். கொஞ்சம் கண்ணீர் போட்டுக் கொடுக்கச் சொல்லி இருவருமே தனித்தனியாக அவளுக்குச் செய்தி அனுப்பினார்கள்.

அவளிடம் அருமையான கண்ணீர் ஒன்று இருந்தது. இடது கன்னத்தில் பாதி வழியில் நிற்கிற துளி. அவசரத்தில் இரண்டு முகத்திலும் அதையே வைத்துவிட்டாள். ஒன்றையாவது வலப்பக்கம் திருப்பியிருக்கலாம். கத்துக்குட்டிகூடச் செய்யாத தப்பு.

இப்போது இரண்டு கட்சி ரசிகர்களும் கைகோத்துக்கொண்டு, ‘கூட்டுக் களவாணிங்க’ என்று இருவரையும் ஒன்றாகத் திட்டினார்கள். நிஜமாகவே ஜென்மப் பகையாக இருக்கிறவர்களைச் சேர்ந்து நாடகம் போட்டதாகச் சொன்னால் வயிறு எரியாதா?

போதாக்குறைக்கு, அந்தத் துளிக்குள் மங்கலாக ஒரு கறுப்பு வளையம் தெரிந்தது. ஸ்டுடியோ விளக்கு என்றான் ஒருவன். வளையல் என்றாள் ஒருத்தி. கைவிலங்கு என்று இன்னொருவன் தனி வீடியோவே போட்டுவிட்டான்.

பதினொன்றரைக்குப் போன் வந்தது. அக்காவும் அண்ணனும் ஒரே அழைப்பில். மூன்று வாரத்தில் அவர்கள் ஒன்றுபட்டது இந்த ஒரு விஷயத்துக்குத்தான்.

“அது நெட்ல சும்மா கிடைக்கிற படம், யார் வேணா எடுத்துக்கலாம்னு உன் பேர்ல ஒரு வரி போட்டுடும்மா,” என்றார் அக்கா, தேன் ஒழுக. “ரெண்டு பேர் வேலையும் உனக்கே இருக்கும்.”

அவள் பிழைப்பில் முக்கால்வாசி அந்த இரண்டு சேனல்கள்தான். ஒரே ஒரு வரி. போட்டால் எல்லாருக்கும் நல்லது. அவள் போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு தட்டத் தொடங்கினாள். ‘சும்மா கிடைக்கிற’ என்பது வரைக்கும் வந்துவிட்டாள். அதற்கு மேல் விரல் நகரவில்லை.

அழித்தாள்.

“ரெண்டு பேருக்கும் ஒரே துளிய வச்சது என் தப்புன்னு வேணா போடறேன்க்கா. சும்மா கிடைச்சதுன்னு மட்டும் போட மாட்டேன்.”

ஒரு சொட்டுத் தண்ணிக்கு இவ்வளவு திமிரா என்று கேட்டார் அண்ணன். அவர் குரலில் நக்கல் துளியும் இல்லை.

ஆமாம் என்றாள். இரண்டு பேரும் ஒரே நேரத்தில் போனை வைத்தார்கள். இரண்டு வேலையும் போயிற்று.

பயமாகத்தான் இருந்தது, பொய் சொல்வானேன். ஆனாலும் அந்தப் பயத்துக்கு மேலே, அவளே எதிர்பார்க்காத ஒரு பெருமை ஏறி உட்கார்ந்துகொண்டது. முதுகு தானாக நிமிர்ந்தது. சும்மா கிடைத்ததாம்.

கீழே தெருவில் வண்டி வந்து நின்று, வழக்கம்போல இரண்டு தரம் ஹாரன் அடித்தது. அம்மா மதியச் சாப்பாட்டுக்கு வந்துவிட்டாள்.

கதவைத் திறக்கப் போகும் முன், துளியை வெட்டியெடுத்த பழைய படத்தை ஒருமுறை திறந்து பார்த்தாள். நாலு வருஷத்துக்கு முன் பள்ளிக்கூட வேனின் ஜன்னல் வழியாக அவளே எடுத்தது.

பதிமூன்று வருஷம் அந்த வேனில் பிள்ளைகளை ஏற்றி இறக்கிவிட்டு, ஆயாவாகக் கடைசிக் கம்பியைப் பிடித்து நின்றுகொண்டே போய்வந்த அம்மா, அன்றைக்குத்தான் முதல்முறையாக முன் ஸீட்டில் உட்கார்ந்திருந்தாள். வாயெல்லாம் பல். இடது கன்னத்தில், பாதி வழியில், ஒரு துளி.

அதற்குள் தெரிந்த கறுப்பு வளையம், அம்மா இரண்டு கையாலும் பிடித்திருந்த ஸ்டியரிங்.