க்ருகோவின் கடைசிப் படம்

செஞ்சி திரைப்படச் சங்கத் தலைவர் சுந்தரமூர்த்தி, உலக சினிமா தன்னைக் கேட்டுத்தான் நடக்கிறது என்று நம்புகிறவர். ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் பழைய சோவியத் இயக்குநர் க்ருகோவைப் பற்றிப் பத்து நிமிடம் பேச வாய்ப்புக் கேட்டு, சிங்கவரத்திலிருந்து பூங்குழலி வந்திருந்தாள்.

"க்ருகோவ்னா நான்தாம்மா பேசணும். அவரு டைரக்‌ஷன விட்டுட்டு புரொடியூசரா மாறுனாரே, இன்னா காரணம் தெரியுமா?"

"நீங்களே சொல்லுங்க சார்."

"கடைசியா எடுத்த படம்தான் காரணம். அதுக்கு மேல எடுக்க ஒண்ணுமில்லன்னு அவருக்கே தோணிடுச்சு."

பூங்குழலி நிமிர்ந்து உட்கார்ந்தாள். "அந்தப் படத்த நீங்க பாத்திருக்கீங்களா சார்?"

"மெட்ராஸ்ல மூணு வாட்டி பாத்தேன். பிரிண்ட் கண்ணாடி மாதிரி இருந்துச்சு."

அவள் அவசரமாக நோட்டைத் திறந்தாள். "கிளைமாக்ஸ் எப்டி சார்?"

"கதாநாயகி கொட்டுற பனியில ரயிலேறிப் போயிடுவா. தியேட்டரே அழுதுச்சு. ஆமா, நீ எதுக்கு இவ்ளோ ஆர்வமா எழுதிக்கிற?"

"ஆறு வருஷமா இதத்தான் ஆராய்ச்சி பண்றேன் சார். ரிலீசுக்கு முந்தின வாரம் லேபு தீப்பிடிச்சு, நெகட்டிவோட இருந்த ஒரே பிரதியும் எரிஞ்சு போச்சு. அந்த வெறுப்புலதான் அவரு புரொடியூசர் ஆனாரு. வெளியாளு யாருமே அந்தப் படத்தப் பாக்கலன்னு நெனச்சிட்டிருந்தேன். மெட்ராஸ்ல எந்தத் தியேட்டர் சார்?"

சுந்தரமூர்த்தி மின்விசிறியை அண்ணாந்து பார்த்தார். அது நன்றாகத்தான் சுற்றிக்கொண்டிருந்தது.

"பத்து நிமிஷம் உனக்கு எப்டிம்மா பத்தும்? ஒரு மணி நேரமா எடுத்துக்க. எனக்கு அன்னிக்கு அனந்தபுரத்துல ஒரு கல்யாணம் இருக்குது."