மத்தியான நாய்

ஸ்ரீவில்லிபுத்தூர் டாக்டரின் அறைக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்த சோலைராஜுக்குச் சந்தோஷத்தை மறைப்பதுதான் பெரும்பாடாக இருந்தது. முகத்தை இழவு வீட்டுக்கு வந்தவன் மாதிரி வைத்துக்கொண்டு, பக்கத்திலிருந்த அக்கா புருஷன் சுயம்புலிங்கத்தின் தோளைத் தடவிக் கொடுத்தான்.

சுயம்புலிங்கத்துக்கு ராஜபாளையத்தில் பேண்டேஜ் துணிக் கம்பெனி. பிள்ளை குட்டி கிடையாது. அவருக்குப் புத்தி பிசகிவிட்டது என்று ஒரு டாக்டர் சொன்னால் போதும், கம்பெனிச் சாவியை அக்கா தம்பியை விட்டு வேறு யாரிடம் கொடுக்கப் போகிறாள்? முதலாளி நாற்காலியில் விரிக்கப் புது டர்க்கி டவல்கூட வாங்கி வைத்துவிட்டான் சோலைராஜ்.

யோசனை முழுக்க அவனுடையதுதான். கம்பெனிக் கார் டிரைவர் சீனிச்சாமி, செட்டியார்பட்டியில் ஒரு வெள்ளை நாய் வளர்த்தான். ஆட்கள் சாப்பிடப் போகிற மத்தியான வேளையில் அதைக் கொல்லைக் கதவு வழியாகக் கம்பெனிக்குள் விட்டு, கொஞ்ச நேரத்தில் கூட்டிப் போய்விட வேண்டும். இதுதான் ஏற்பாடு.

முதல் நாளே பலித்தது.

“மாப்ளே, துணிக்கட்டு மேல ஒரு நாய் படுத்திருக்கு பாரு.”

“எந்த நாய் அத்தான்? ஒண்ணுமில்லையே!”

அப்படிச் சொல்வதில் ஒரு சூட்சுமம் உண்டு. கண் தப்பித்தவறி நாய்ப் பக்கம் போனால் குட்டு வெளிப்பட்டுவிடும். அதனால் சோலைராஜ் அத்தானின் நெற்றித் திருநீற்றை விட்டுப் பார்வையை நகர்த்தவே மாட்டான். ஒரு நாள் காலில் ஏதோ உரசியபோது, நாயின் வால்தான் என்று நினைத்தும்கூட அவன் குனியவில்லை. தன் சாமர்த்தியத்தை நினைத்து அவனுக்கே பெருமை தாங்கவில்லை.

ஒரு மாதம் இப்படியே போனது. அத்தான் நாய் நாய் என்று புலம்புவதைக் கேட்டு அக்காவே பயந்துபோய், டாக்டரிடம் கூட்டிப் போகச் சொன்னாள். சீனிச்சாமிதான் கார் ஓட்டி வந்தான்.

உள்ளே கூப்பிட்டார்கள். சோலைராஜ் தழுதழுத்தபடி எல்லாவற்றையும் சொன்னான்.

“இல்லாதது கண்ணுக்குத் தெரியறதுக்கு எத்தனையோ காரணம் இருக்கு” என்றார் டாக்டர். “தூக்கம் கெட்டாலும் தெரியும். கடுங்காய்ச்சல், குடி, கண் கோளாறு, ஊமத்தங்காய் எதுவானாலும் இருக்கலாம். மாத்திரையில சரி பண்ணிடலாம், பயப்படாதீங்க.” பிறகு சுயம்புலிங்கத்தின் பக்கம் திரும்பினார். “நாய் எப்ப வருது?”

“நான் எந்த நாயையும் பாக்கலையே டாக்டர்! இவனைக் காட்டத்தானே நான் வந்திருக்கேன்.”

சோலைராஜ் நாற்காலியை விட்டுத் துள்ளி எழுந்தான். கைக்கெட்டிய சாவி நழுவுகிறதே!

“பொய் டாக்டர்! தெனம் மத்தியானம் நாய் வருது. வெள்ளை நாய், மூக்கு மட்டும் ரோஸ். என் கால்லயே வால் உரசிச்சு!”

டாக்டர் பேனாவைத் திறந்தார். “உங்க கால்லயா?”

“நெசமான நாய் டாக்டர்! நான்தான் அதை உள்ள விடச் சொன்னேன். வேணும்னா டிரைவர் சீனிச்சாமியைக் கூப்பிட்டுக் கேளுங்க, அவன் நாய்தான்!”

சீனிச்சாமி வந்து நின்றான். கேள்வியைக் கேட்டதும் அவன் முகத்தில் அப்படி ஒரு கவலை.

“எந்த நாய் அண்ணாச்சி? அதைத்தான் போன மாசமே மகாராஜபுரத்து மாந்தோப்புக் காவலுக்குக் கொடுத்துட்டேனே!”

டாக்டர் இரக்கத்தோடு சோலைராஜின் பெயரைக் கேட்டு எழுதினார். காலையில் ஒரு மாத்திரை, ராத்திரி ஒன்று. வீட்டில் முழு ஓய்வு. கம்பெனிப் பக்கமே போகக் கூடாது.

வெளியே வந்ததும் சுயம்புலிங்கம் மச்சினன் தோளில் பிரியமாகக் கை போட்டார்.

“நீ ஏற்பாடு பண்ணுன அன்னைக்கே சீனிச்சாமி எங்கிட்ட சொல்லிட்டான் மாப்ளே. நான் கை காட்டுன பக்கம் ஒரே ஒரு தடவை திரும்பிப் பாத்திருந்தா, அங்கன நாயே இல்லைன்னு உனக்குத் தெரிஞ்சிருக்கும்.”