டீக்கன் அங்கி கேட்ட அர்த்தம்

தப்பாகச் சொல்லிவிடுவோமோ என்று எலியம்மாளுக்கு உள்ளூர நடுக்கம். கோயில் அறையில் தொங்கிய, இளைய குருவான டீக்கன் போடும் வெள்ளை அங்கியின் பையில்தான் அந்தத் தாய் எலியின் பிள்ளைகள் தூங்கின.

“ஏட்டி, பேராயர் பிரசங்கத்தைக் கேட்டியே, டீக்கன்னா என்ன அர்த்தமாம்?” என்று அங்கி நெஞ்சை நிமிர்த்திக் கேட்டது.

“அது கிரேக்கச் சொல்லாம் ஐயா. பந்தியில் பரிமாறுகிற வேலைக்காரன்னு அர்த்தமாம்.”

அங்கிக்குத் தூக்கிவாரிப் போட்டது. மாட்டியிருந்த ஆணியே ஆடியது. “வேலைக்காரனா! அசன விருந்தில் சோறு போடுற கரண்டியும் நானும் ஒண்ணா?”

மூலையில் கிடந்த கரண்டி, “வாங்க தம்பி, சாம்பார் வாளியைத் தூக்குங்க” என்று சிரித்தது.

“பொய்க்காரி! பிள்ளைகளைத் தூக்கிக்கிட்டு வெளியே போ!” என்று அங்கி அலறியது.

வெளியே பூனை உட்கார்ந்திருந்தது. எலியம்மாள் நீட்டிய தலையைப் பைக்குள் இழுத்துக்கொண்டாள்.

“ஐயா, அந்த அர்த்தமெல்லாம் கிரேக்க நாட்டுக்கு. நம்ம சபையில் டீக்கன்னா எஜமான்தான்” என்று சொல்லிவிட்டு, பிள்ளைகளின் பக்கத்தில் சுருண்டு படுத்துக்கொண்டாள்.