உள்ளங்காலில் ஒரு ரேகை

ஓர்லா தன் சிற்பங்களில் கையெழுத்துப் போடுவதில்லை. களிமண் ஈரமாக இருக்கும்போதே உருவத்தின் உள்ளங்காலில் வலது கட்டைவிரலை அழுத்திவிடுவாள். பத்தொன்பது வயதில் உளி கிழித்த தழும்பும் குறுக்குக்கோடாகப் பதியும். வெண்கலத்தில் வார்த்த பிறகும் அழியாது. டப்ளினில் அவளுடைய நாற்பதாண்டு வேலைகளைக் கண்காட்சிக்கு வைக்கிறார்கள். பேரும் புகழும் வாங்கித் தந்த ‘படகுக்காரி’யைத் துடைப்பதற்காக முதன்முறையாகப் பீடத்திலிருந்து கழற்றிச் சாய்த்தபோது அவளும் குனிந்து பார்த்தாள். ரேகை இருந்தது. தழும்பு இல்லை.

“கடும் காய்ச்சல். எப்படி முடித்தேன் என்றே ஞாபகமில்லை” என்று அந்தச் சிலையைப் பற்றிப் பேட்டிக்குப் பேட்டி சொல்லியிருக்கிறாள். அப்போதெல்லாம் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் கணவன் டெக்லன், தரையைப் பார்த்தபடி தலையாட்டுவான். அடக்கம் என்றே நினைத்திருந்தாள். அவன் களிமண்ணைத் தொட்டு அவள் பார்த்ததே இல்லை.

இப்போதும் பக்கத்தில்தான் நின்றான். “என்ன, கறையா?” என்றான், குனிந்துகூடப் பார்க்காமல்.

“டெக்லன், உன் கையைக் கொஞ்சம் காட்டு.”

“கையையா? எதுக்கு?” என்று சிரித்துக்கொண்டே இடது கையை நீட்டினான். வலது கை கோட்டுப் பையை விட்டு வெளியே வரவில்லை.