நெஞ்சின் மேல்

ஏழாம் மாதத்திலேயே பிறந்துவிட்ட மகளை நெஞ்சோடு அணைத்துக்கொள்ளும்படி நர்ஸ் சொன்னதும் ஜெபசிங் தன் கையைத் திருப்பிப் பார்த்தான். பஸ் ஓட்டிக் காய்த்துப்போன கை. மனைவி மெர்லினுக்குப் பிரசவத்துக்குப் பிறகு காய்ச்சல். அவளை வேறு வார்டில் வைத்திருந்தார்கள். கல்லூரியில் இயற்பியல் நடத்துகிறவள், போனில்தான் தைரியம் சொன்னாள்.

"எனக்குப் பிள்ளையைப் பிடிக்கவே தெரியாதே, மெர்லின்."

"நீங்க ஒண்ணும் செய்ய வேண்டாம். சூடு இருக்கிற இடத்திலேருந்து இல்லாத இடத்துக்கு அதுவாப் போகும். சும்மா உட்காருங்க, போதும்."

நர்ஸ் பிள்ளையை அவன் வெறும் மார்பில் கிடத்திப் போர்த்தினாள். பிள்ளை ஈரத்துணிபோலச் சில்லென்றிருந்தாள். அசைந்தால் நழுவிவிடுவாளோ என்று அவன் மூச்சை அடக்கிக்கொண்டான். கொஞ்ச நேரத்தில் அந்தச் சின்ன முதுகின் ஏற்ற இறக்கமும் நின்றுபோனது. அவளுக்கு மாட்டியிருந்த மானிட்டர் அலறியது.

"அண்ணே, நீங்க மூச்சு விடுங்க!" என்று நர்ஸ் ஓடிவந்தாள்.

அவன் பதறி மூச்சை இழுத்தான். மார்பு எழுந்தது, அதன்மேல் பிள்ளையும் எழுந்தாள். அவன் விட்டு, மறுபடி இழுத்தபோது அவள் முதுகு தானாகவே விம்மியது. மானிட்டர் அடங்கியது.

"என்னங்க, என்ன ஆச்சு?" பக்கத்தில் ஸ்பீக்கரில் கிடந்த போனில் மெர்லின் தவித்தாள்.

"பொறு, அவ கேட்டுக்கிட்டிருக்கா" என்று கிசுகிசுத்துவிட்டு, ஜெபசிங் அடுத்த மூச்சை நிதானமாக இழுத்தான்.