காலித் தட்டு

குழந்தை உணவுக் கேள்வித்தாளில் முப்பது கேள்விகள். நிரப்பும்போதே எனக்குக் குமட்டியது.

"தட்டு தினமும் காலி, துப்புறதே இல்லைன்னு எழுதியிருக்கீங்க. அப்புறம் ஏன் மூணு மாசமா எடை ஏறல?" டாக்டர் ரத்தப் பரிசோதனைக்கு எழுதினார்.

"பார்த்துப் பார்த்து மசிச்சுத் தர்றேன், இவர்தான் ஊட்டுறார். எம் பொண்ணுக்கு ஏதோ பெரிய வியாதி!" மனைவி அழுதாள்.

ஊசியைக் கண்டதும் மகள் வீறிட்டாள். எனக்குத் தாங்கவில்லை.

"வேணாம் டாக்டர்! அவ எல்லாத்தையும் துப்பிடுறா. மசிச்சுத் தர்ற இவ மனசு நோகுமேன்னு, எச்சில் வழியுற அந்தக் கூழை மூக்கைப் பொத்திக்கிட்டு நான்தான் முழுங்குறேன்."

"சீ, கருமம்! குப்பைத்தொட்டி இல்லையா?"

"அதுல போட்டா நீ பார்த்துடுவியே!"

நர்ஸ் என் தொப்பையைப் பார்த்தார். முகத்தைச் சுளித்தபடி எடை மெஷினை என் காலடியில் தள்ளினார்.

"ஏறுங்க சார். பாப்பாவோட எடை எங்க போச்சுன்னு பார்த்துடலாம்."